பூந்தமல்லிக்கு ஒரு டிக்கெட்

'பசங்க' படத்தில் அன்புக்கரசு என்று ஒரு பையன் வருவான். கையில் ஒன்றும் இருக்காது. ஆனால் இரண்டு கையாலும் ஹாண்டில்பாரைப் பிடித்து முறுக்கி, வாயாலேயே டுர்ரென்று சத்தம் எழுப்பி, பைக் ஓட்டிக்கொண்டு போவான். பார்க்கிற நமக்குத்தான் பைக் கிடையாது. அவனுக்கு உண்டு. பெயருக்குப் பின்னால் ஐ.ஏ.எஸ். என்று இப்போதே போட்டுக்கொள்கிற பையன் அவன். பட்டமே வந்துவிட்டபோது பைக்குக்கு என்ன குறை?

2009 மே 1-ஆம் தேதி வெளிவந்த படம். பாண்டிராஜுக்கு அதுதான் முதல் படம். புதுக்கோட்டை மாவட்டத்தில் தன் சொந்த ஊரான விராச்சிலையிலேயே எடுத்தார்; சசிகுமார் தயாரித்தார். அந்த வருடத்துக்கான சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருதும், வசனத்துக்கான தேசிய விருதும் கிடைத்தன. அன்புவாக நடித்த கிஷோரும் அவனோடு முட்டிக்கொள்கிற ஜீவாவாக நடித்த ஸ்ரீராமும் குழந்தை நட்சத்திர விருதைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். படம் முழுக்கச் சண்டை போட்டவர்களுக்கு ஒரே விருதில் ஆளுக்குப் பாதி என்று டில்லியில் தீர்ப்பாகிவிட்டது.

நான் அதைத் தியேட்டரில் பார்க்கவில்லை. ரிடையர் ஆன பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை டி.வி.யில் போட்டபோது பார்த்தேன். அன்பு பைக்கில் வருகிற காட்சியில் என் மனைவி அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்து, "உங்க பஸ்ஸை விட இது தேவலை, பெட்ரோல் செலவு கம்மி" என்றாள். என் பஸ்ஸைப் பற்றி அவளுக்குத் தெரியும். கல்யாணமான புதிதில், வேறு பெருமை எதுவும் கைவசம் இல்லாததால், அதைச் சொல்லியிருந்தேன்.

நான் ஆவடி காங்கிரஸ் நடந்த வருடத்துப் பிள்ளை. 1955 ஜனவரியில் நேரு வந்து, காமராஜர் முன்னின்று நடத்தி, சோஷலிச பாணிச் சமுதாயம் என்று தீர்மானம் போட்டார்களே, அந்த வருடம். வளர்ந்தது அம்பத்தூரில். அப்பாவுக்கு டி.ஐ. சைக்கிள் கம்பெனியில் ஷிப்ட் வேலை. பத்து, பன்னிரண்டு வயதில் எங்கள் ஊரை நினைத்தால் இப்போது சிரிப்பாக இருக்கிறது. ஒரு பக்கம் சைக்கிள் கம்பெனி, ஒரு பக்கம் டன்லப் டயர் கம்பெனி, 1964-க்குப் பிறகு இண்டஸ்ட்ரியல் எஸ்டேட் வேறு வந்து தெருவுக்குத் தெரு லேத் சத்தம். அந்தப் பக்கம் ஆவடியில் விஜயந்தா டாங்க். இந்தியாவுக்கே சக்கரம் சப்ளை செய்கிற வட்டாரம். எங்கள் தெருப் பையன்களிடம் மட்டும் சக்கரம் கிடையாது. தேய்ந்துபோன சைக்கிள் டயர் ஒன்று கிடைத்தால் அது சொத்து. அதைக் குச்சியால் தட்டி ஓட்டிக்கொண்டு ஏரிக்கரை வரைக்கும் ஓடுவோம். டயரே இல்லாதவன் சும்மா ஓடுவான். அவன்தான் எப்போதும் முன்னால் போவான்.

என்னிடம் இருந்தது பஸ்.

ஒரே முற்றத்தைச் சுற்றி ஆறு குடித்தனம் இருந்த வீடு எங்களுடையது. பொதுக் கிணறு, பொதுத் துவைக்கிற கல், பின்னால் ஒரு முருங்கை மரம், அதையும் தாண்டிப் புழக்கடை. சைக்கிள் கடையில் வேண்டாமென்று போட்ட கோணல் ரிம் ஒன்று என் ஸ்டியரிங். கிணற்றடிதான் பாடி. துவைக்கிற கல் திருமுல்லைவாயில். முருங்கை மரம் ஆவடி. புழக்கடைக் கதவு பூந்தமல்லி. பூகோளப்படி ஆவடியிலிருந்து பூந்தமல்லிக்கு அப்படி ஒரே மூச்சில் போக முடியாது, நடுவே எவ்வளவோ இருக்கிறது என்று இப்போது தெரிகிறது. என் பஸ் போனது. டிரைவரும் நான், கண்டக்டரும் நான். தினசரி காலண்டரில் கிழித்த தாளை நாலாக மடித்துக் கிழித்தால் நாலு டிக்கெட். கட்டணம் தூரத்துக்குத் தகுந்தபடி புளியங்கொட்டை. விசில் மட்டும் நிஜம், திருவிழாவில் வாங்கியது. அதனால்தான் மத்தியான ஷிப்ட் முடிந்து தூங்குகிறவர்கள் என் பஸ் கம்பெனியை வெறுத்தார்கள்.

மூன்றாவது குடித்தனத்தில் ஒரு பெண் இருந்தாள். பெயர் வேண்டாம், இப்போது பேரன் பேத்தி எடுத்து நிம்மதியாக இருப்பாள். என்னைவிட ஒரு வகுப்பு கீழே. அவள் அப்பாவுக்கு ஆவடி டாங்க் பாக்டரியில் வேலை. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் தம்பியை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு நிற்பது அவள் பொறுப்பு. அந்த வயதில் பெண் பிள்ளைகளின் இடுப்பு காலியாக இருந்து நான் பார்த்ததில்லை. ஒரு நாள் கிணற்றடியில் நின்றுகொண்டு கையைக் காட்டினாள். வண்டியை நிறுத்தினேன்.

"பூந்தமல்லி ஒண்ணு" என்றாள். "இவனுக்கு?"

"கைக்குழந்தைக்கு டிக்கெட் கிடையாது."

அவளுக்கு ஜன்னல் சீட் கொடுத்தேன். ஜன்னலும் கிடையாது, சீட்டும் கிடையாது. எனக்கு இடது கைப் பக்கம் வந்துகொள் என்று அர்த்தம். அவள் வெளியே வேடிக்கை பார்த்துக்கொண்டே வந்தாள். துவைக்கிற கல் தாண்டும்போது, "கோயில் வருது" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள். திருமுல்லைவாயிலில் மாசிலாமணீஸ்வரர் கோயில் இருக்கிறது அல்லவா, அதற்கு. என் பஸ்ஸில் அதுவரை ஏறிய எந்தப் பயலும் வழியில் கோயில் இருப்பதைக் கவனித்ததில்லை. எனக்கே தோன்றியதில்லை. அன்றைக்கு ராத்திரி படுத்துக்கொண்டு ரொம்ப நேரம் அதையே யோசித்தேன். நான் போட்ட ரோட்டில் எனக்குத் தெரியாமல் ஒரு கோயில் இருக்கிறது. அது இவளுக்குத் தெரிந்திருக்கிறது.

அதற்குப் பிறகு அவளிடம் நான் புளியங்கொட்டை வாங்கவில்லை. இதுதான் காதலா என்று கேட்டால் எனக்குத் தெரியாது. அவளோடு பேச வேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. தண்ணீர் பிடிக்கிற இடத்தில் எதிரே வந்தால் நான் பாட்டுக்குப் போவேன், அவள் பாட்டுக்குப் போவாள். பஸ்ஸில் ஏறினால்தான் அவள் அவள். இறங்கிவிட்டால் மூன்றாவது குடித்தனத்துப் பெண்.

அவளுடைய பாட்டி ஒருத்தி உண்டு. திருவேற்காட்டுக் கருமாரியம்மன் மேல் உயிர். முழங்கால் வலியால் வெள்ளிக்கிழமை போய்வர முடியவில்லையே என்று முற்றத்தில் உட்கார்ந்து தினம் ஒரு பாட்டம் புலம்புவாள். ஒரு நாள் நான் விசில் ஊதிக்கொண்டு வருகிறேன், பாட்டி தூணைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றாள்.

"டேய், இந்த வண்டி திருவேற்காடு போகுமா?"

"போகாது பாட்டி. பூந்தமல்லில இறங்கி வேற வண்டி மாறணும்."

"சரி, அங்கயே இறக்கி விடு. டிக்கெட் எவ்ளோ?"

சொன்னேன். புளியங்கொட்டை இல்லை, சில்லறையாக இல்லை என்று மடியிலிருந்து வறுத்த வேர்க்கடலை நாலைந்தை எடுத்துக் கொடுத்தாள். என் சட்டையின் பின்பக்கத்தைப் பிடித்துக்கொண்டு மெதுவாக வந்தாள். கிழவி ஏறியிருக்கிறாள் என்று நானும் வேகத்தைக் குறைத்தேன். ஆவடி முருங்கை மரத்தடியில் அவள் மூச்சு வாங்கிக்கொள்ள, "இங்க வண்டி அஞ்சு நிமிஷம் நிக்கும்" என்று அறிவித்தேன். பூந்தமல்லி வந்ததும் புழக்கடைக் கதவைப் பிடித்துக்கொண்டு படி இறங்குகிற மாதிரியே ஒரு காலை முதலில் தரையில் வைத்து இறங்கினாள். "நல்லாத்தான் ஓட்டுற. ரோடுதான் சரியில்ல, ஒரே குழி" என்றாள்.

முகத்தில் ஒரு சிரிப்பு இல்லை. நான் அதற்குப் பிறகு எத்தனையோ பெரிய மனிதர்களைப் பார்த்தாயிற்று. ஒரு பொடியனின் பஸ்ஸில் சிரிக்காமல் ஏறி, சிரிக்காமல் இறங்கத் தெரிந்தவர்கள் ரொம்பக் குறைவு.

சிரிக்கத் தெரிந்தவர்களுக்குப் பஞ்சமில்லை. ஐந்தாவது குடித்தனத்துக்கு உறவுக்காரர் ஒருவர் வந்து தங்கியிருந்தார். எல்லோரும் மாமா என்று கூப்பிடுவார்கள். நல்லவர்தான், பிள்ளைகளுக்கு மிட்டாய் வாங்கிக் கொடுப்பார். ஒரு சாயங்காலம் திண்ணையிலிருந்து என் வியாபாரத்தைக் கவனித்துக்கொண்டே இருந்துவிட்டு, பெண்டுகள் எல்லாம் அரிசி புடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த நேரத்தில் உரக்கக் கேட்டார்: "ஏன்டா, எல்லார்கிட்டயும் கரெக்டா வசூல் பண்ற, அந்தப் பொண்ணுக்கு மட்டும் ஃப்ரீயா? என்ன, லவ்வா?"

முற்றமே சிரித்தது. என் அம்மாவும் சிரித்தாள். கெட்ட எண்ணம் யாருக்கும் இல்லை. அந்தப் பெண் தம்பியை இடுப்பிலிருந்து இறக்கி விட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள். நான் ரிம்மைக் கிணற்றடியில் சாய்த்து வைத்தேன். மறுநாள் பஸ் ஓடவில்லை. அதற்கடுத்த நாளும் ஓடவில்லை.

அந்தச் சிரிப்பு என்ன செய்தது என்று பிற்காலத்தில் யோசித்திருக்கிறேன். அதுவரை எங்களுக்குள் இருந்தது ஒரு பஸ், ஒரு ரோடு, ஒரு கோயில். மாமா கேட்ட பிறகு ஒரு பையன், ஒரு பெண் என்று ஆகிவிட்டது. பெரியவர்கள் தங்களிடம் இருக்கிற ஒரே அளவுகோலை எடுத்துக்கொண்டு வந்து எங்கள் முற்றத்தை அளந்துவிட்டார்கள். பன்னிரண்டு வயதுப் பையனுக்கு அந்தப் பெண் கதையில் ஏற ஒரு ஆள். தான் கட்டிய ஊருக்குள் வந்து, தான் பார்க்காத ஒன்றைப் பார்த்துச் சொன்ன முதல் ஆள். அதற்கு மேல் அதில் ஒன்றும் இல்லை. அதற்குக் கீழேயும் அது இல்லை.

வண்டி நின்று சில நாள் கழித்துப் பாட்டி கேட்டாள். "ஏன்டா வண்டி வரல? ஸ்ட்ரைக்கா?"

அந்தக் காலத்தில் எஸ்டேட் பக்கம் அடிக்கடி காதில் விழுகிற வார்த்தை அது. "ரிப்பேர் பாட்டி" என்றேன்.

"ரிப்பேர்னா சரி பண்ணி எடு. எனக்கு வெள்ளிக்கிழமை போகணும்."

வெள்ளிக்கிழமை எடுத்தேன். பாட்டி ஏறினாள். பாட்டியின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு பேத்தியும் ஏறினாள். கையை நீட்டினாள், உள்ளங்கையில் ஒரு பிடி புளியங்கொட்டை. "பழைய பாக்கி" என்றாள். வாங்கி எண்ணிப் பையில் போட்டுக்கொண்டு டிக்கெட் கிழித்துக் கொடுத்தேன். கணக்கு நேரானது. மாமாவுக்கு அப்புறம் கேட்க ஒன்றும் இருக்கவில்லை.

அந்த வருடமே அவர்களுக்கு ஆவடியில் குவார்ட்டர்ஸ் கிடைத்தது. நான் பள்ளிக்கூடத்தில் இருந்தபோதே வண்டி பிடித்து, சாமான் ஏற்றி, போய்விட்டார்கள். சினிமாவாக இருந்தால் நான் ரயில்வே கேட் வரை ஓடியிருப்பேன். பின்னணியில் வயலின் வாசித்திருப்பார்கள். நான் வந்து பார்த்தபோது மூன்றாவது குடித்தனத்துக்கு வெள்ளையடித்துக்கொண்டிருந்தார்கள். அம்பத்தூரிலிருந்து ஆவடி ரயிலில் கால் மணி நேரம். ஆனால் பன்னிரண்டு வயதுக்கு அது வேறு ஜில்லா. போய்ப் பார்க்கலாம் என்றே எனக்குத் தோன்றவில்லை. சொன்னேனே, பஸ்ஸை விட்டு இறங்கினால் அவள் யாரோதான்.

பாலு மகேந்திராவின் 'அழியாத கோலங்கள்' 1979 டிசம்பரில் வந்தது. எனக்கு அப்போது கல்யாணமாகவில்லை. எஸ்டேட்டில் ஒரு பட்டறையில் வேலை. சினேகிதர்களோடு போனேன். மூன்று கிராமத்துப் பையன்கள். மீசை அரும்பலாமா வேண்டாமா என்று யோசிக்கிற வயது. ஊருக்கு இந்துமதி என்று ஒரு டீச்சர் வருகிறாள், ஷோபா. பையன்களுக்கு அவள் மேல் ஒரு கிறக்கம். அவள் மனதில் வேறொருவர், பிரதாப் போத்தன். மூவரில் ஒருவன் தண்ணீரில் போய்விடுகிறான். பெரியவனாகிவிட்ட இன்னொருவனாக, நினைத்துப் பார்க்கிறவனாக, கமல்ஹாசன் கொஞ்ச நேரம் வந்துபோவார். இசை சலில் சௌத்ரி. கதையின் விதை அமெரிக்கப் படமான 'சம்மர் ஆஃப் 42' என்பார்கள். இருக்கட்டும். ஆனால் அந்த ஆற்றங்கரையும் வாய்க்கால் வரப்பும் பையன்கள் சுருட்டுப் புகைத்தாற்போல் இருமிக்கொண்டு திரிகிற திமிரும் எந்த அமெரிக்காவிலிருந்தும் வந்தவையல்ல.

என்னோடு வந்தவர்கள் தியேட்டரில் சிரித்தார்கள், விசில் அடித்தார்கள். படத்தில் பையன்கள் டீச்சரைப் பார்க்கிற இடங்களில் அந்தச் சிரிப்பு இன்னும் பலமாக வந்தது. நான் திரும்பிப் பார்த்தேன். கொட்டகை முழுக்க ஐந்தாவது குடித்தனத்து மாமாக்கள். திரையில் இருந்த அந்த டீச்சர் மட்டும் அப்படிச் சிரிக்கவில்லை. பையன்களுக்குத் தன் மேல் என்னவோ இருக்கிறது என்று அவளுக்குத் தெரியாமல் இராது. அதைக் கண்டிக்கவும் மாட்டாள், கேலியும் பண்ண மாட்டாள். ஷோபா அந்தக் கண்ணால் அதைச் செய்துவிட்டுப் போவார். இத்தனைக்கும் அந்தப் பெண்ணுக்கே அப்போது பதினேழு வயதுதான். பையன்களைவிட என்ன பெரிய வயது? துரை எடுத்த 'பசி'க்காக அதே காலத்தில் தேசிய விருது வாங்கி, 1980 மே 1-ஆம் தேதி போயும் சேர்ந்துவிட்டார். அந்தச் செய்தியைப் பேப்பரில் படித்த காலையில் பட்டறையில் யாரும் சரியாக வேலை பார்க்கவில்லை.

பாலு மகேந்திரா இலங்கையில் மட்டக்களப்புப் பக்கம் அமிர்தகழியில் பிறந்தவர். பள்ளிப் பையனாக இருந்தபோது சுற்றுலாவுக்கு அழைத்துப் போனார்களாம். போன இடத்தில் டேவிட் லீன் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' எடுத்துக்கொண்டிருந்தார். 1957-இல் வெளியான படம். கித்துல்கலையில் ஆற்றின் மேல் பாலம் கட்டி எடுத்தார்கள். அந்த வெள்ளைக்காரர் "ரெயின்" என்று ஒரு சத்தம் போட்டார், மழை கொட்டியது. வாயால் சொன்னால் மழை வரும் என்று ஒரு பையன் கண்ணால் பார்த்துவிட்டான். சினிமா டைரக்டர் ஆக வேண்டும் என்ற ஆசை அங்கே விழுந்தது என்று அவர் பலமுறை சொல்லியிருக்கிறார். அந்த மழை தண்ணீர்க் குழாயிலிருந்து வந்தது, அதற்குப் பின்னால் பத்துப் பேர் குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள் என்பதெல்லாம் பிற்பாடு புரிந்திருக்கும். 1969-இல் புனே பிலிம் இன்ஸ்டிட்யூட்டில் ஒளிப்பதிவு முடித்து வெளியே வந்தார். புரிந்த பிறகும் 2014-இல் கண் மூடுகிற வரைக்கும் அவர் அந்த மழையை விடவில்லை.

இந்த இடத்தில் எனக்கு ஒரு குறை உண்டு, சொல்லிவிடுகிறேன். அந்த வழியில் தமிழ் சினிமா ரொம்ப தூரம் போகவில்லை. 1981-இல் இரண்டு படம் வந்தது. பாரதிராஜாவின் 'அலைகள் ஓய்வதில்லை', கார்த்திக்கும் ராதாவும் அறிமுகமானது. இன்னொன்று பாரதி - வாசு இரட்டையரின் 'பன்னீர் புஷ்பங்கள்'. அது ஊட்டிப் பள்ளிக்கூடத்துக் கதை. சுரேஷும் சாந்தி கிருஷ்ணாவும். 'அழியாத கோலங்க'ளில் பையன்களின் கனவைக் கலைத்த அதே பிரதாப் போத்தன் இதில் பிள்ளைகளைப் புரிந்துகொள்கிற வாத்தியார். இளையராஜா இரண்டிலும் கொட்டிக் கொடுத்தார். படங்கள் ஓடின. ஓடினதும் தயாரிப்பாளர்கள் வேறு கணக்குப் போட்டுவிட்டார்கள். ஊரை விட்டு ஓடுவது, ஜாதி, மதம், அரிவாள், கல்யாணம் என்று பெரியவர்களுடைய முழு வில்லங்கத்தையும் தூக்கிப் பள்ளிக்கூட யூனிஃபார்முக்கு மாட்டிவிட்டார்கள். அதெல்லாம் பெரியவர்கள் காதல்தான். வயது மட்டும் குறைத்துப் போட்டது. நல்ல படங்கள் அவற்றிலும் உண்டு. ஆனால் காதலிக்கிற பிள்ளைகளுக்குக் கற்பனையே இல்லாமல் போயிற்று. ஒருத்தன்கூட அதில் பஸ் ஓட்ட மாட்டான்.

போன வருடம் என் பெரிய பேத்தி லாப்டாப்பில் ஒரு இங்கிலீஷ் படம் போட்டுக் காட்டினாள். 'மூன்ரைஸ் கிங்டம்'. வெஸ் ஆண்டர்சன் என்பவர் 2012-இல் எடுத்தது. 1965-இல் நடக்கிற கதை. எனக்கும் அப்போது அந்த வயதுக்குக் கிட்டத்தட்ட வரும். ஒரு தீவு. இல்லாத தீவு. சாம் என்று ஒரு அநாதைப் பையன், சாரணர் முகாமிலிருந்து தப்பி வருகிறான். சூசி என்று ஒரு பெண், வீட்டிலிருந்து வருகிறாள். இருவருக்கும் பன்னிரண்டு வயது. காட்டில் கூடாரம் போட்டு இருக்கலாம் என்று திட்டம். பையன் கம்பளி, கயிறு, மீன் பிடிக்கிற தூண்டில் என்று தேவையானதாகப் பார்த்து மூட்டை கட்டியிருக்கிறான். பெண் கொண்டுவந்தது கிராமபோன், பூனைக்குட்டி, லைப்ரரியில் திருப்பிக் கொடுக்காத கதைப் புத்தகங்கள். கழுத்தில் ஒரு பைனாகுலர். எப்போதும் அதில்தான் பார்க்கிறாள். அது தன்னுடைய மந்திர சக்தி என்று நம்புகிறாள். என் பஸ்ஸில் கோயிலைப் பார்த்தவளும் இந்த ஜாதிதான்.

பிள்ளைகளைத் தேடிக்கொண்டு ஊரே கிளம்புகிறது. போலீஸ்காரர், சாரணர் தலைவர், அப்பா, அம்மா. அவரவருக்கு அவரவர் குடும்ப வில்லங்கம். எனக்குப் பிடித்தது நடுவில் வருகிற ஒரு ஆள். பென் என்று அண்ணன் முறை. சாரணர் படையில் ஏதோ பொறுப்பில் இருக்கிறான். எங்களுக்குக் கல்யாணம் செய்து வையுங்கள் என்று இந்த இரண்டு பொடிசும் கேட்க, இது சட்டப்படி செல்லாது, ஆனால் சாதாரண விஷயமும் அல்ல, ஒரு நிமிஷம் தள்ளிப் போய் யோசித்துவிட்டு வாருங்கள் என்கிறான். அவர்கள் போய் யோசித்துவிட்டு வருகிறார்கள். செய்து வைக்கிறான். பேத்தி விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்குப் பாட்டி ஞாபகம் வந்தது. கருமாரியம்மன் கோயிலுக்குப் போகிற பாதையில் புழக்கடைக் கதவு இல்லை என்று அவளுக்குத் தெரியாதா என்ன?

கடைசியில் அந்த அநாதைப் பையனுக்கு அந்தப் போலீஸ்காரர்தான் துணை. புரூஸ் வில்லிஸ், துப்பாக்கியும் கையுமாகவே நாம் பார்த்துப் பழகிய ஆள், இதில் தனிக்கட்டையாக, சோர்ந்துபோய், நல்லவராக வருவார்.

'பசங்க' படத்தையும் இப்படித் திரும்ப யோசித்துப் பார்க்கிறேன். அன்புவின் பைக் ஜோராக ஓடுகிறது. வீட்டுக்குள் அப்பாவும் அம்மாவும் போடுகிற சண்டையில்தான் அது நின்று போகிறது. அவர்களுக்கு மத்தியில் நின்றுகொண்டு யாரால் பைக் ஓட்ட முடியும்? எதிர்வீட்டு ஜீவாவின் அப்பா வாத்தியார்; ஜெயப்பிரகாஷ் பிரமாதமாகச் செய்திருப்பார். அவர் வந்து அன்புவின் அப்பாவிடம் உட்கார்ந்து, வீட்டில் எப்படி இருக்க வேண்டும் என்று பேசுகிற கட்டம் ஒன்று உண்டு. படத்தின் அச்சாணி அது. பிள்ளைகளின் கற்பனையை வளர்ப்பதற்கு வகுப்பு நடத்துகிறேன் என்று இப்போது அண்ணாநகரிலிருந்து ஆவடி வரைக்கும் போர்டு தொங்குகிறது. வீட்டுக்குள் நாம் குரலைக் கொஞ்சம் இறக்கினாலே போதும், கட்டணம் கிடையாது. அதே படத்தில் விமலுக்கும் வேகாவுக்கும் நடக்கிற பெரியவர்கள் காதலும் இருக்கிறது. பசங்களுடைய உலகத்துக்குள் அது ஒரு ஓரமாகத்தான் வரும். மனோன்மணி என்கிற அந்தச் சின்னப் பெண் அன்புவைப் பார்க்கிற பார்வைக்கு யாரும் பெயர் வைப்பதில்லை. பாண்டிராஜ் அதை அப்படியே விட்டிருக்கிறார். மற்ற இடங்களில் கொஞ்சம் அதிகமாகவே அழ வைக்கிற மனுஷன், இதில் கை வைக்கவில்லை.

எங்கள் குடித்தன வீடு இப்போது இல்லை. இடித்து அடுக்குமாடி வந்தாயிற்று. நாங்கள் அம்பத்தூரிலேயே வேறு தெருவில் இருக்கிறோம். சின்னப் பேத்திக்குப் பதினொன்று நடக்கிறது. இரண்டு மாதத்துக்கு முன்னால் அவள் பென்சில் பாக்ஸில் ஒரு ரப்பர் இருந்ததை மருமகள் பார்த்துவிட்டாள். வாசனை ரப்பர், ஸ்ட்ராபெரி நிறம், அதில் பேனாவால் வகுப்புப் பையன் ஒருவனுடைய பெயரின் முதல் எழுத்து. வீடு அன்றைக்கு இரண்டு பட்டது. பள்ளிக்கூடத்துக்குப் போய் மிஸ்ஸைப் பார்க்க வேண்டும் என்றாள் மருமகள். அதெல்லாம் பெரிசு பண்ணாதே என்று சொல்லிக்கொண்டே மகன் போனை எடுத்து அந்தப் பையனின் அப்பா யார் என்று பேரண்ட்ஸ் குரூப்பில் தேட ஆரம்பித்தான். குழந்தை அறையில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தது.

என் மனைவி காபி டம்ளரை வைத்துவிட்டுப் போய்க் கதவைத் தட்டினாள். "ஏன்டி, அந்த ரப்பர் அழிக்குதா?" என்று கேட்டாள்.

கதவு கொஞ்சம் திறந்தது. "இல்ல பாட்டி. வாசனை மட்டும்தான். அழிச்சா கறுப்பா ஆவுது."

"அப்ப எதுக்கு வச்சிருக்கே?"

அதற்குப் பதிலாகக் குழந்தை சொன்ன கதை அரை மணி நேரம் ஓடியது. வகுப்பில் நாலு பேர் சேர்ந்து ஒரு நாடு வைத்திருக்கிறார்கள். அந்த நாட்டில் ரப்பர்தான் பாஸ்போர்ட். அந்தப் பையன் இமிகிரேஷன் ஆபீசர். ரப்பர் இல்லாதவர்களை லஞ்ச் நேரத்தில் வேப்பமரத்துக்கு அந்தப் பக்கம் விட மாட்டான். அவன் கையெழுத்துதான் அந்த எழுத்து. இவள் அங்கே மந்திரி. இருந்தாலும் ரப்பர் காட்ட வேண்டும் என்று ரூல் போட்டிருக்கிறான். அது அநியாயம் என்று இவள் சொல்ல, முந்தாநாளிலிருந்து பேச்சுவார்த்தை இல்லை.

மருமகள் மிஸ்ஸைப் பார்க்கப் போகவில்லை. மகன் போனைக் கீழே வைத்துவிட்டு, "மந்திரிக்குப் பாஸ்போர்ட் கேட்கறது டூ மச்தான்" என்றான். என் மனைவி மட்டும் இன்னும் விடவில்லை. அந்த நாட்டுக்கு விசா எப்படி வாங்குவது, வயதானவர்களுக்கு ஏதாவது சலுகை உண்டா என்று பேத்தியிடம் தினம் விசாரித்துக்கொண்டிருக்கிறாள். ஆபீசரைக் கேட்டுச் சொல்கிறேன், ஆனால் முதலில் அவன் சாரி சொல்ல வேண்டும் என்று பதில் வந்திருக்கிறது.